நாற்பது ஈக்களும் ஒரு மாப்பிள்ளையும்

மாப்பிள்ளையைப் பற்றி விசாரிக்கச் சொல்லி வருகிறவர்கள் வழக்கமாக மூன்று கேள்விகள் கேட்பார்கள். குடிப்பாரா? சொன்ன வேலையில்தான் இருக்கிறாரா? வேறு பெண் உண்டா? இளமதி நான்காவதாக ஒன்று கேட்டாள்.

"அவர் ஈயை மாத்தினாரா? எனக்கு அது மட்டும் தெரியணும்."

ராபர்ட் டைரியைத் திறந்து வைத்திருந்தான். என்ன எழுதுவது என்று தெரியவில்லை. மஞ்சக்குப்பத்து மாடியில் இருந்த துப்பறியும் அலுவலகத்தில், தில்லையம்மாளிடம் வேலைக்குச் சேர்ந்த ஆறு வருடத்தில், ஈயோடு ஒரு வழக்கு வந்ததே இல்லை.

தில்லையம்மாள் போலீஸ் கைரேகைப் பிரிவில் இருந்து வேலையை விட்டு வந்தவர். எதற்கும் புருவம் உயர்த்தாதவர். "உட்காரும்மா. முதல்ல இருந்து சொல்லு" என்றார்.

இளமதி அண்ணாமலை நகரில் ஆராய்ச்சி மாணவி. செம்பியனும் அதே ஆய்வகம். தேவனாம்பட்டினத்துக் கடலோரத்துப் பையன். இரண்டு வீட்டிலும் பேசி முடித்து, ஞாயிற்றுக்கிழமை நிச்சயதார்த்தம். ஆனியில் கடைசி முகூர்த்தம் அதுதான். அன்று வெள்ளி.

"நாங்க பார்க்கறது பழ ஈ. கொய்யாவையும் மாம்பழத்தையும் புழு பிடிக்க வைக்குதே, அது. அதுல யாரும் இதுவரைக்கும் பார்க்காத ஒரு ஜீனை எடுத்திருக்கோம். போன மாசம் அண்ணாகிராமம் பக்கத்துல ஒரு தோப்புக்குப் போனோம். ஆளுக்கு அஞ்சு பாட்டில் பொறி மாமரத்துல கட்டி, மறுநாள் காலையில எடுத்தோம். உள்ள ஒரு வாசனைக் கட்டை. ஈ உள்ள போனா வெளிய வர முடியாது. என் பாட்டில்ல இருந்து இருபது எடுத்தேன், அப்பவும் மிச்சம் இருந்துச்சு. அவரும் இருபது. அங்கேயே குழாயில போட்டு நசுக்கிட்டோம்."

"பாவம்" என்றான் ராபர்ட்.

"நசுக்கலேன்னா ஆர்.என்.ஏ. கெட்டுடும் சார். ஜீன் மூலப் பத்திரம்னு வெச்சுக்கங்க. செல் அதை வெளிய அனுப்பாது, நகல் எடுத்துத்தான் அனுப்பும். அந்த நகல்தான் ஆர்.என்.ஏ. நகல் எவ்வளவு நீளம்னு ஆய்வகத்துல பட்டையாத் தெரியும். என்னோட இருபதும் நீளப் பட்டை. அவரோடதுல ஒன்பது நீளம், பதினொன்னு குட்டை."

ஒரே தோப்பு. ஒரே நாள். ஒரே பொறி. பேராசிரியை மங்கலம், செம்பியன் எங்கிருந்தோ வேறு ஈயைக் கொண்டுவந்து கலந்துவிட்டான் என்கிறார். திங்கட்கிழமை ஆராய்ச்சிக் கட்டுரையிலிருந்து அவன் பெயர் போகும். ஆய்வகத்திலிருந்து அவனே போகலாம்.

"அவர் இன்னா சொல்றார்?"

"கலக்கலைங்கறார். ஆனா, 'எல்லாம் உங்க பாட்டில்ல பிடிச்சதுதானே'ன்னு கேட்டா தரையைப் பார்க்கறார். பொய் சொல்றவரோட நான் எப்படிக்கா இருப்பேன்?"

அவள் படியிறங்கிப் போனதும் ராபர்ட் டைரியை மூடினான். "கேஸ் முடிஞ்சுதுக்கா. மாப்பிள்ளைதான்."

"இன்னும் ஆரம்பிக்கவே இல்லை. வண்டியை எடு."

*

சிதம்பரம் போய்ச் சேர்ந்தபோது மணி பதினொன்று. ஆய்வகத்தில் மங்கலம் படத்தைக் காட்டினார். கறுப்புப் பின்னணியில் வெள்ளைக் கோடுகள் இரண்டு வரிசை. மேல் வரிசை ஒழுங்காக இருந்தது. கீழ் வரிசை சின்னப் பிள்ளையின் பல் மாதிரி மேலும் கீழுமாக இருந்தது.

"வேற இனம் கலந்திருக்கு" என்றார் மங்கலம்.

"மூலப் பத்திரத்தைப் பார்த்தீங்களா?" என்று தில்லையம்மாள் கேட்டார்.

"டி.என்.ஏ.வா? பார்த்தோம். நாற்பதுலயும் ஒரே நீளம்."

"வேற இனமா இருந்தா அதுவும் கொஞ்சமாவது மாறியிருக்கணும் இல்லையா?"

மங்கலம் பதில் சொல்வதற்குள், ஓரமாக நின்றிருந்த உயரமான பையன் வாயைத் திறந்தான். செம்பியன். "அதைத்தான் மேடம் நானும் சொல்றேன். இது ஸ்ப்ளைசிங்."

"அப்படின்னா?" என்றான் ராபர்ட்.

"நகல் எடுத்த உடனே செல் அதை அப்படியே அனுப்பாது சார். வேண்டாத துண்டுகளை வெட்டி, மிச்சத்தை ஒட்டும். ரயில் மாதிரி. விருத்தாசலம் ஜங்ஷன்ல நடுப்பெட்டியைக் கழட்டிட்டு முன்னையும் பின்னையும் கோத்துட்டா வண்டி குட்டையாயிடும். கழட்டலேன்னா நீளம். கிளம்பின ரயில் ஒன்னுதான், போய்ச் சேர்றது ரெண்டு விதம். இந்த ஜீனோட நடுப்பெட்டியில 'நிறுத்து'ன்னு ஒரு குறி இருக்கு. அந்தப் பெட்டி இருந்தா புரதம் பாதியிலேயே நின்னுடும், வேலைக்கு ஆகாது. கழட்டினாத்தான் முழுப் புரதம் வரும். ஜீனை மாத்தாமலே உடம்பு அதை நிறுத்தவும் ஓட்டவும் முடியும்."

ராபர்ட்டுக்கு அந்தப் பையனைப் பிடித்துப் போயிற்று. சந்தேகப் பட்டியலில் இருந்து மனதுக்குள் அவனை அடித்துவிட்டு, பேராசிரியரை எழுதிக்கொண்டான்.

"நல்லாத்தான் பேசறான்" என்றார் மங்கலம். "சரி தம்பி, அப்ப இளமதி ஈயில ஒரு குட்டைகூட ஏன் இல்லை? யார் பிடிச்சாங்கன்னு பார்த்தா ஈயோட செல் வெட்டும்?"

செம்பியன் தரையைப் பார்த்தான்.

தில்லையம்மாள் நசுக்கின ஈக்களின் மிச்சத்தைக் கேட்டு வாங்கினார். இளஞ்சிவப்புத் திரவத்தோடு நாற்பது சின்னக் குழாய்கள். லென்ஸை வைத்து ஒவ்வொன்றாகப் பார்த்தார். இளமதியின் குழாய்களைச் சீக்கிரம் வைத்துவிட்டார். செம்பியனுடையதில் மூன்றை எடுத்து ராபர்ட்டிடம் நீட்டினார். அடியில் மஞ்சளாக ஒரு துளி, கல் மாதிரி.

"விதை" என்றான் ராபர்ட். "கொய்யா விதை. பல்லுல மாட்டுமே, அது."

"பாட்டிலை எந்த மரத்துல கட்டினதாச் சொன்னா?"

"மாமரத்துல."

தில்லையம்மாள் மூன்று குழாய்களையும் திருப்பி வைத்தார். வெளியே வந்ததும் ராபர்ட் கேட்டான், "அக்கா, பேராசிரியர்தானே?"

"உன் டைரியில ரப்பர் இருக்கா?"

*

தோப்பில் காவலுக்கு இருந்த ஆண்டி அவர்களைப் பார்த்ததும் கொய்யாப்பழம் கொடுத்தார். ராபர்ட் பிட்டான். உள்ளே புழு.

"அதான் தம்பி சமாச்சாரம்" என்றார் ஆண்டி. "பாட்டில் கட்டினா புழு போயிடும்னு சொன்னாங்க. பாட்டில்ல ஈ ரொம்பி வழியுது. பழத்துல புழு குறைஞ்சுதா? ஒன்னும் இல்லை. மாட்டறவன் ஒருத்தன், முட்டை போடறவன் வேற ஒருத்தன்."

தில்லையம்மாள் சட்டென்று திரும்பினார். "இன்னொரு வாட்டி சொல்லுங்க."

ஆண்டி சொன்னார். தில்லையம்மாள் லென்ஸை ராபர்ட்டிடம் கொடுத்து, பாட்டில் ஈயையும் விழுந்த கொய்யா மேல் உட்கார்ந்திருந்த ஈயையும் பார்க்கச் சொன்னார். அவன் முழங்கால் போட்டுப் பார்த்தான். பாட்டில் ஈயின் பின்பக்கம் உருண்டையாக இருந்தது. பழத்து ஈக்களில் சிலதும் அப்படித்தான். மற்றவற்றின் பின்பக்கம் கூம்பி, முள் மாதிரி நீண்டு இருந்தது. ஒன்று அந்த முள்ளைப் பழத்துக்குள் இறக்கிக்கொண்டிருந்தது.

"ஊசி போடுதுக்கா!"

"அந்தப் பிள்ளைங்க வந்த அன்னிக்கு எந்தெந்த மரத்துல கட்டினாங்க?" என்று தில்லையம்மாள் ஆண்டியைக் கேட்டார்.

"அதோ, சேப்புத் துணி கட்டின அஞ்சும் அந்தப் பொண்ணோடது. மஞ்சத் துணி பையனோடது. பாட்டில் எல்லாம் ஒரே மாதிரி, துணிதான் அடையாளம். சேப்புத் துணி மரம் பூரா செவ்வெறும்புங்க. மறுநாள் காலையில பார்த்தா பாட்டில் உள்ள ரெக்கைதான் கெடக்குது. பொண்ணு மோட்டார் கொட்டாயில உக்காந்து லேபிள் எழுதிட்டிருந்துச்சு. பையன்கிட்டதான் சொன்னேன். சொல்லிட்டு டீ குடிக்கப் போயிட்டேன்."

தில்லையம்மாள் சிரித்தார். ராபர்ட் அதைத் தேதி போட்டு எழுதிக்கொண்டான்.

அன்று மாலை இரண்டு டப்பாக்களோடு திரும்பினார்கள். ஒன்றில் பாட்டில் ஈ ஆறு. இன்னொன்றில் பழத்தின் மேல் முட்டையிட்டுக்கொண்டிருந்த ஈ ஆறு. அவற்றைப் பிடிக்கப் போய் ராபர்ட் இரண்டு முறை வரப்பில் விழுந்தான்.

*

சனிக்கிழமை காலையில் மங்கலம் பன்னிரண்டு ஈக்களையும் தன் கையாலேயே நசுக்கினார். மாலை நாலு மணிக்கு நால்வரும் அவரைச் சுற்றி நின்றார்கள். இளமதி ஒரு ஓரம், செம்பியன் எதிர் ஓரம். பட்டைகளைப் பிரித்துக் காட்டும் ஜெல் பெட்டிக்குள் ஓடிக்கொண்டிருந்தது. இன்னும் பத்து நிமிடம்.

"முடிவைப் பார்க்கறதுக்கு முன்னாடி சொல்லிடறேன்" என்றார் தில்லையம்மாள். "இடது பக்கம் ஆறும் நீளமா வரும். வலது பக்கம் ஆறும் குட்டையா வரும். தப்பாப் போனா, நான் பேசினதை மறந்துடுங்க."

"எதை வெச்சுச் சொல்றீங்க?"

"பாட்டில் ஈயால நிறையுது, புழு குறையலை. அப்ப பாட்டிலுக்கு வர்றது முட்டை போடாத ஈ. முட்டை போடாதது எது?"

"ஆண்" என்றான் ராபர்ட், யாரும் முந்திவிடாதபடி.

"அந்த வாசனை ஆணை மட்டும்தான் இழுக்குது. இளமதி எடுத்த இருபதும் ஆண். இருபதும் நீளம். பழத்து மேல உட்கார்றது ஆணும் பெண்ணும் கலந்து. செம்பியன் குழாயில கொய்யா விதை இருக்கு. மாமரத்துப் பாட்டிலுக்குள்ள கொய்யா விதை எப்படி வரும்? அவர் ஈ பழத்துல பிடிச்சது. ஒன்பது ஆண், பதினொன்னு பெண். ஆண் ஈயோட உடம்பு நடுப்பெட்டியை விட்டுவைக்குது. பெண் ஈயோட உடம்பு கழட்டிடுது. வேற இனம் இல்லை மேடம். ஒரே இனத்து ஆணும் பெண்ணும்."

மங்கலம் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். "மூணு வருஷமா ஈயை நசுக்கறோம்" என்றார். "ஒரு ஈயையாவது நிமிர்த்திப் பார்த்திருக்கோமா?"

"ஆனா நோட்டுல பொறியில பிடிச்சதுன்னு எழுதியிருக்காரே" என்றாள் இளமதி. "அவர் பாட்டில்ல மாட்டின ஈ எங்க போச்சு?"

"உன் குழாய்க்கு."

"என்னது?"

"உன் மரத்துல செவ்வெறும்பு. உன் பாட்டில்ல காலையில ரெக்கைதான் இருந்துச்சு. நீ லேபிள் எழுதி முடிச்சு வந்தப்ப, இருபது எடுத்தும் மிச்சம் இருந்துச்சு. நடுவுல அந்த மரத்துக்கிட்ட போனது யாரு?"

எல்லோரும் செம்பியனைப் பார்த்தார்கள். அவன் காது சிவந்துவிட்டது.

"பாட்டிலை மாத்திக் கட்டிட்டேன்" என்றான். "அப்புறம் எனக்கு ஈ இல்லை. கொய்யா மேல துண்டை வலை மாதிரி வீசிப் பிடிச்சேன். மீனா இருந்தா ஆணா பெண்ணான்னு தூரத்துல இருந்தே சொல்லியிருப்பேன். ஈ எனக்கு இன்னா தெரியும்?"

"என்கிட்ட சொல்லியிருக்கலாமே!"

"பஸ்ல வரும்போதே நீ இன்னா சொன்ன? 'ஹெல்ப் பண்றேன்னு கிட்ட வந்தா கடிச்சிடுவேன்'னு சொல்லலை?"

ராபர்ட் வாயைப் பொத்திக்கொண்டான். மங்கலம் பொத்தவில்லை. சிரித்து முடித்துவிட்டு, "நோட்டுல பொய் எழுதினது தப்பு" என்றார். "இப்பவே திருத்து. பிடிச்ச இடம், பிடிச்ச விதம், துண்டு உட்பட எழுது. திருத்தினா உன் பேர் கட்டுரையில இருக்கும். இதை முதல்ல சொன்னவன் நீதான்."

மணி அடித்தது. மங்கலம் ஜெல்லை எடுத்து விளக்கில் வைத்தார். இடது பக்கம் ஆறு கோடுகள், ஒரே மட்டத்தில், உயரே. வலது பக்கம் ஆறு, ஒரே மட்டத்தில், கீழே.

யாரோ கை தட்டினார்கள். தான்தான் என்று ராபர்ட்டுக்குக் கொஞ்சம் கழித்துத்தான் தெரிந்தது.

இளமதி ஜெல்லையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு செம்பியனிடம் போய், "துண்டை வீசினீங்களா?" என்று கேட்டாள்.

"ம்."

"அந்த வரப்புல?"

"நாலு வாட்டி விழுந்தேன்."

அவள் போனை எடுத்து அப்பாவைக் கூப்பிட்டாள். நாளை எல்லாம் நடக்கும், பூக்காரருக்குச் சொல்லிவிடுங்கள் என்றாள். மறுமுனையில் அவர் கேட்ட கேள்வி அறையில் இருந்த எல்லோர் காதிலும் விழுந்தது.

"விசாரிச்சியாம்மா? பையன் பொய் கிய் சொல்லுவானா?"

இளமதி செம்பியனைப் பார்த்தாள். அவன் பழக்கப்படி தரையைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

"சொல்லுவார்ப்பா" என்றாள். "ஆனா அவருக்கு வராது."