கொசுறாக ஒரு சூட்டுருண்டை

அன்றைக்கு ஊரைச் சூடாக வைத்திருக்க வேண்டிய முறை மச்சாது வீட்டுக்கு. பிரகாசி மச்சாது காப்பியைக் குடித்துவிட்டு நீருடுப்பை மாட்டிக்கொண்டாள். உப்புச் சுரண்டியைத் தோளில் சாய்த்தபடி கடலடிக்குப் புறப்பட்டாள். புருஷன் செலஸ்டின் போர்வைக்குள்ளேயே கிடந்தான். முறை வரும் நாளில் மட்டும் அவனுக்கு இடுப்பு பிடித்துக்கொள்ளும்.

சனிக்கோளைச் சுற்றும் ஒரு பனிநிலாவில், கனத்த பனிக்கூரைக்கு அடியில் கிடக்கும் கடலில் கட்டிய ஊர் புதுத்துறை. அங்கே சூரியன் என்பது பாட்டில் மட்டும் வரும் பொருள். கடலடியில் கொதித்துக்கொண்டிருந்த ஓர் ஊற்றின் வெந்நீரைக் குழாய் வழியே வீடுவீடாக அனுப்பித்தான் சனம் உயிர் வாழ்ந்தது. ஆனால் ஊற்றின் வாயில் ஓயாமல் உப்பு கட்டும். எந்திரன்களை இறக்கினால் உப்பு அவற்றை அரித்துத் தின்றுவிடும் என்பதால், வீட்டுக்கு வீடு முறை வைத்து மனிதர்களே சுரண்டினார்கள். எல்லாரும் தூத்துக்குடிக் கடற்கரையின் வழிவந்தவர்கள். இத்தனை தூரம் ஓடிவந்தும் உப்பு அவர்களை விட்டபாடில்லை.

பிரகாசிதான் ஊரின் துறைத்தலைவி. வந்து இறங்கும் கலங்களோடு பேசி முடிப்பது அவள் பொறுப்பு. அந்தச் சமயம் பார்த்து வேறொரு விண்மீன் மண்டலத்திலிருந்து ஒளிவாலர்கள் வந்து சேர்ந்தார்கள். பார்ப்பதற்குப் பெரிய சொறிமீன் போல, வழுவழுத்த குடையும் தொங்கும் வாலுமாக இருப்பார்கள். வாய் கிடையாது. உடம்பில் நிறம் மாற்றித்தான் பேசுவார்கள். அந்த நிறங்களைத் தமிழாக்க ஒரு துபாஷிப்பொறியைக் கையோடு கொண்டுவந்திருந்தார்கள்.

அவர்களுக்கு வேண்டியது மிளகு! புதுத்துறையின் விளக்குத் தோட்டத்தில் காய்த்த மிளகை முகர்ந்தால் ஒளிவாலருக்குத் தும்மல் வரும். தும்மினால் உடம்பில் வாணவேடிக்கை மாதிரி நிறங்கள் சிதறும். அவர்கள் ஊரில் அதுதான் கச்சேரியாம். மிளகுக்கு ஈடாக இரும்பு தருவதாகச் சொன்னார்கள். பனியும் தண்ணீரும் மட்டுமே உள்ள நிலாவில் இரும்பு என்றால் சும்மாவா?

ஊர்ச்சபையில் எல்லாரும் வாயைப் பிளந்தார்கள். பிரகாசி மட்டும் முகத்தைச் சுருக்கினாள்.

"ஏ, கொஞ்சம் பொறுங்கப்பா. மச்சாதுங்கிற பேரு நமக்கு எப்படி வந்துச்சு? கடல் தாண்டி யாவாரத்துக்கு வந்தவன் விட்டுட்டுப் போன பேருல்லா! அவனும் முதல்ல மிளகும் துணியும்தான் கேட்டான். பெறவு சரக்கு வைக்க ஒரு பண்டகசாலை போதும்னான். பண்டகசாலைக்குத் திருட்டுப் பயம்னு மதில் எழுப்புனான். மதிலுக்குப் பீரங்கி. பீரங்கிக்காரனுக்குச் சோறு போட நம்மகிட்டயே வரி. இன்னொரு தடவ ஏமாற நா விடமாட்டேன், சொல்லிட்டேன்."

அப்படியே நிபந்தனை போட்டாள். ஒரு சாண் இடம் கிடையாது. பண்டகசாலை, மதில், காவலாள், மூச்! கலத்திலேயே இருந்து வாங்கிக்கொண்டு கலத்திலேயே திரும்ப வேண்டும். ஒளிவாலர் தலைவர் இளநீலமாக மாறினார்.

"சம்மதம். எங்களுக்கு இடம் எதற்கு? பராமரிப்பது பெரிய தொல்லை" என்றது துபாஷிப்பொறி.

பிரகாசிக்குப் பெருமை பிடிபடவில்லை. பல நூறு ஆண்டுப் பிழையை ஒரே நாளில் திருத்திவிட்டோம் என்று நெஞ்சு விம்மியது. உண்மையிலேயே கெட்டிக்காரிதான், அதில் சந்தேகமில்லை. ஆனால் கெட்டிக்காரிக்கு வாய்த்த புருஷன் செலஸ்டின்.

மிளகு மூட்டை ஏறியாயிற்று, இரும்புத்தகடு இறங்கியாயிற்று. செலஸ்டின் தலையைச் சொறிந்துகொண்டு நின்றான். "எல்லாம் சரிதான். கொசுறு ஒண்ணும் இல்லையாக்கும்?"

துபாஷிப்பொறி திணறிப்போனது. கொசுறு என்றால் என்ன? செலஸ்டின் பொறுமையாக விளக்கினான். காய் வாங்கினால் ஒரு கொத்து கறிவேப்பிலை போடுவதில்லையா, விலை இல்லாமல், ஒரு பிரியத்துக்கு? அது இல்லாமல் யாவாரம் முடிந்ததாகவே ஆகாதே!

ஒளிவாலர்கள் தங்களுக்குள் பல நிறத்தில் கலந்து பேசினார்கள். கடைசியில் எலுமிச்சம்பழம் அளவுக்கு ஓர் உருண்டையை அவன் கையில் வைத்தார்கள். சூட்டுருண்டை. வீட்டின் நடுவில் வைத்தால் அடுத்த கலம் வரும்வரை கதகதவென்று வைத்திருக்கும்.

ஓசி என்றால் எனக்கொன்று எங்கப்பனுக்கொன்று என்பது எந்த நிலாவுக்குப் போனாலும் மாறாது. அன்றே ஊர் முழுக்க வரிசை கட்டியது. ஒளிவாலர்கள் முகம் கோணாமல் வீட்டுக்கு ஒன்று கொடுத்தார்கள். அன்பான உயிர்கள் என்றுதான் சொல்ல வேண்டும்.

கொஞ்ச காலத்தில் ஊற்றுமுறை தவறத் தொடங்கியது. "எங்க வீட்லதான் உருண்டை இருக்கே, நா ஏன் தண்ணிக்குள்ள எறங்கிச் சாகணும்?" என்றாள் அடுத்த வீட்டு ரெஜினா கொரைரா. பிரகாசி வீடு வீடாகப் போய்ச் சத்தம் போட்டாள். "ஊற்ற விட்டுராதீங்க, அதுதான் நம்ம உசுரு" என்று கெஞ்சினாள். தலையாட்டினார்களே ஒழிய ஒருவரும் இறங்கவில்லை. அவள் மட்டும் எத்தனை நாள் தனியாகச் சுரண்டுவாள்? முழங்கால் வலித்தது. வீட்டில் உருண்டை கதகதப்பாக இருந்தது. ஒருநாள் போகாமல் இருந்தாள். மறுநாளும் போகவில்லை. ஊற்றின் வாயை உப்பு மூடிவிட்டது.

பிறகு கலம் வந்தபோதெல்லாம் இரும்பை யாரும் ஏறெடுத்தும் பார்க்கவில்லை. மிளகைக் கொட்டிவிட்டு உருண்டைக்குக் கை நீட்டினார்கள். இப்படியே போய்க்கொண்டிருந்தபோது ஒருமுறை தலைவர் சாம்பல் நிறத்தில் வந்து நின்றார். அது வருத்தத்தின் நிறம்.

"இது எங்கள் கடைசிப் பயணம். எங்கள் ஊரில் இப்போது ஆலையிலேயே தும்மல் தயாரிக்கிறார்கள். மிளகுக்கு மதிப்பு இல்லை."

உருண்டைகள் ஆறினால் குழந்தைகள் விறைத்துப் போகும். எல்லாரும் துறைத்தலைவியைப் பார்த்தார்கள். பிரகாசி தலைவர் முன்னால் போய் நின்றாள்.

"அய்யா, அப்படிச் சொல்லாதீங்க. ஒரு பண்டகசாலை கட்டிக்கிடுங்க. எடம் நாங்க தாரோம். மதிலும் எழுப்பிக்கிடுங்க, காவலுக்கு ஆளும் வச்சுக்கிடுங்க. எங்கள விட்டுட்டு மட்டும் போயிராதீங்க!"

சொல்லும்போதே அவளுக்கு அழுகை வந்தது. தலைவர் மெல்ல மஞ்சளானார்.

"அம்மையே, உங்களிடம்தான் ஊற்று இருக்கிறதே? சுரண்டினால் போதுமே?"

"அதுக்கு யாரு போறது?" என்று கூட்டத்தின் பின்னாலிருந்து ஒரு குரல் கேட்டது. பிரகாசி திரும்பிப் பார்த்தாள். தன் புருஷன்தான்.

ஒளிவாலர்களுக்கு இந்தச் சனத்தின் மீது பாசம் வந்துவிட்டிருந்தது. நெடுநேரம் நிறம் மாறி மாறி யோசித்துவிட்டு, வேண்டாவெறுப்பாகத்தான் ஒப்புக்கொண்டார்கள். ஊற்றைச் சுற்றிக் கோட்டை எழும்பியது. சூட்டுருண்டை என்பது வேறொன்றுமில்லை, வெப்பத்தை அடைத்துவைக்கும் சிமிழ்தான். அதை இனி அந்த ஊற்றிலேயே நிரப்பலாம். ஊராரில் முடிந்தவர்கள் கோட்டைக்குள் வேலைக்கு வர வேண்டும். வேலை முடிந்து போகும்போது வீட்டுக்கு ஓர் உருண்டை இனாம். மீதி உருண்டைகளை ஒளிவாலர்கள் பக்கத்து நிலாக்களில் விற்றுக்கொள்வார்கள். நட்டத்துக்கு யாவாரம் செய்ய முடியாதல்லவா?

ஊரே கையெடுத்துக் கும்பிட்டது. செலஸ்டின் இடுப்பு வலியையும் மறந்து முதல் ஆளாகப் பெயர் கொடுத்தான். வேலை மணி அடிக்கும் முன்பே கோட்டை வாசலில் ஆட்கள் வந்து நின்றார்கள். ஒருவரும் முறை தவறவில்லை.

பிரகாசியும் போனாள். நீருடுப்பை மாட்டி, கூட்டத்தோடு கடலடிக்கு இறங்கி, இருட்டில் சுரண்டியை ஓங்கினாள். இரண்டு வீச்சு வீசியதும் கை நின்றுவிட்டது. பக்கத்தில் மும்முரமாகச் சுரண்டிக்கொண்டிருந்த ரெஜினாவைத் தட்டினாள்.

"ஏட்டி ரெஜினா, இது நம்ம ஊற்றுல்லா? நம்ம முன்ன சுரண்டுன அதே உப்புல்லா?"

ரெஜினா வேலையை நிறுத்தாமலே சிரித்தாள்.

"ஆமா, அதுக்கென்ன இப்போ? முன்னல்லாம் வெறுங்கையோடல்லா வீட்டுக்குப் போனோம். இப்ப சும்மா உருண்டை குடுக்காங்கள்ல?"