சாமிக்குப் போட்ட படம்

"ஏங்க! எந்திரிங்க... அது சாமி உட்கார்ற நாற்காலி!"

குடையைப் படம் ஓட்டும் கருவிக்குப் பிடித்துக்கொண்டு, தான் நனைந்தபடியே கத்தினாள் வன்னா. முன்வரிசையில் இருந்தவன் நிதானமாகத் திரும்பினான். அம்மாடி... என்ன கண்கள்! அழுது முடித்து முகம் கழுவி வந்த மாதிரி.

"நாப்பது நாற்காலி போட்டிருக்கீங்க. சாமி ஒருத்தர்தானே?"

"அவருக்குக் கூட்டாளிங்க உண்டு."

"கொடுத்து வெச்சவர்!" என்றானே தவிர, எழுந்திருக்கவில்லை.

தாய்லாந்தின் உடோன் ஊர் எல்லைச்சாமி கோயிலில் வேண்டுதல் பலித்தவர்கள் சாமிக்குப் படம் போடுவார்கள். காசு கட்டிச் சொல்லிவிட்டுப் போவதோடு சரி, பார்க்க ஈ காக்கை வராது. ஐந்து வருடமாகக் காலி நாற்காலிகளுக்குத்தான் படம் ஓட்டுகிறாள் வன்னா. அப்பா போனபின் வீட்டிலும் அவள் ஒருத்திதான். சில நாள் அவள் குரலே அவளுக்குப் புதிதாகக் கேட்கும்.

"படத்துக்கு நேர்ந்துகிட்டதே நான்தாங்க. பேரு சக்தா. மூணு சாயங்காலமும் இதே படம்தான்."

"ஓ... அந்த மகராசன் நீங்கதானா? நான் வன்னா. எல்லாரும் பேய்ப்படம் கேப்பாங்க. நீங்க என்னடான்னா சிரிப்புப் படம்!"

"சாமியும் பாவம், எத்தனை பேயைத்தான் பாப்பாரு?"

இடுப்பு ஒட்டிப் பிறந்த அண்ணன் தம்பி கதை அது. அண்ணனுக்குக் குத்துச்சண்டை வீரனாக ஆசை. தம்பிக்குப் பாடகனாக ஆசை. அண்ணன் மேடையேறிக் குத்து வாங்க, ஒட்டிக்கொண்டிருக்கும் தம்பி கண்ணை மூடிக் காதல் பாட்டு பாடுவான். சக்தா விழுந்து விழுந்து சிரித்தான். தன் படத்துக்கு ஒருவர் சிரித்து வன்னா கேட்பது இதுதான் முதல் தடவை. அதற்குப்பிறகு எப்படி எழுப்புவாள்? விட்டுவிட்டாள்.

மறுநாள் சக்தாவோடு ஒட்டரிசிச் சோறும் சுட்ட கோழியும் வந்தன.

"சாமிக்கா?"

"சாமிக்குத்தான் படம் இருக்கே. இது உங்களுக்கு."

சாப்பிட்டு முடித்ததும் மெதுவாகக் கேட்டான். "கடைசி இருபது நிமிஷம் வேண்டாங்க... நிறுத்திடுங்களேன்."

"என்னது? சாமிக்கு அரைப்படமா? நேர்த்தி தீராதுங்க. எங்கப்பா காலத்துலருந்து அப்படி ஒரு வழக்கமே கிடையாது!"

"எனக்காக..."

"யாருக்காகவும் முடியாது."

வெடுக்கென்று சொல்லிவிட்டாள். அவன் முகம் சுண்டிப்போனது. மழையில் இறங்கி நடந்தான். சே... ஏன் என்றாவது கேட்டிருக்கலாமே!

மூன்றாம் நாள் அவன் நாற்காலி காலி. பாட்டு வந்தது, குத்து விழுந்தது... சிரிக்க ஆளில்லை. இத்தனை வருடம் பழகிய அமைதிதான், இன்று தாங்க முடியவில்லை. இரண்டே நாளில் ஒருவனுக்காக மனசு இப்படியா ஏங்கும்? ஏங்கியதே!

கடைசி இருபது நிமிடம் தொடங்கும்போது தற்செயலாகத் திரும்பினாள். கோயில் வாசலில் தொப்பலாக நனைந்து நின்றான் சக்தா. ஓடினாள்.

"எனக்கு ஒரு தம்பிங்க," என்றான். "ரெட்டைப் பிறவி. ஒட்டிப் பிறக்கலையே தவிர, இருபத்தொம்பது வருஷம் ஒரே பாய்தான். தைவானுக்கு வேலைக்குப் போகணும்னு அவனுக்கு ஆசை. நான்தான் சாமிகிட்ட வேண்டிக்கிட்டேன். பலிச்சிருச்சு. போயிட்டான்... படத்துலயும் கடைசியில அவங்களைப் பிரிச்சிருவாங்க. என்னால பாக்க முடியலைங்க."

வன்னா அவன் கையைப் பிடித்து அழைத்துவந்து முன்வரிசையில் உட்கார வைத்தாள். பக்கத்தில், சாமிக்குப் போட்ட இன்னொரு நாற்காலியில், தானும் உட்கார்ந்தாள்.

"படம் முழுசா ஓடட்டும். நீங்க அந்தப் பக்கம் பாக்க வேண்டாம்... முடிஞ்சதும் நான் சொல்றேன்."

அவன் அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தான். திரை அணைந்து வெகுநேரமாகியும் அவள் சொல்லவே இல்லை.

"முடிஞ்சிருச்சுங்களா?"

"ம்... அப்பவே."

மழை தூறிக்கொண்டிருந்தது. "வன்னா... உங்களை எனக்கு ரொம்பப் பிடிச்சிருக்கு. வாசல்ல நிக்கிறப்போ இன்னொரு வேண்டுதலும் வெச்சுட்டேன்."

"பலிச்சா படம் போடணும், தெரியுமில்ல?"

"தெரியும்."

அவள் தலையைக் குனிந்துகொண்டாள். காதுமடல் சிவந்தது.

"அப்போ... நாளைக்கே போட்டுருங்க."