பூட்டிய அறையின் தாளம்

பதிவானதைப் போட்டுக் கேட்டபோது, தன் கிட்டார் ஒலிக்கு அடியில் யாரோ கதவைத் தட்டுவது சூர்யகலாவுக்குக் கேட்டது. ஹெட்போனைக் கழற்றினாள். போடிமெட்டின் மத்தியானப் பனி சன்னலை வெள்ளையாக அடைத்திருந்தது. மூடிக் கிடந்த அந்த ஏலக்காய் உலர்த்தும் ஸ்டோரின் கற்சுவர்களில் பழைய விறகுப்புகையும் காய்ந்த காயின் காரமும் இன்னும் ஒட்டியிருந்தன.

"பாண்டி, பின்னால ஒரு சத்தம் வருது, கேட்டியா?"

டிரம்ஸுக்குப் பின்னாலிருந்த தங்கப்பாண்டி சிரித்தான். "விட்டுரு கலா. பாட்டுக்கு நல்லாத்தான இருக்கு."

போடியில் கல்லூரிக் காலம் முதல் அவளோடு வாசிப்பவன். பெங்களூர் பார்களில் பாட்டிலடி பட்டதும், ஜெர்மனியில் சேற்று மைதானமே தலையைச் சுழற்றி ஆட ஹெவி மெட்டல் வாசித்ததும் இருவரும் சேர்ந்துதான். குழுவின் மற்றவர்கள் போய்விட்டார்கள். இந்த ஆல்பமும் தோற்றால் அவளுக்கு இனி மேடை இல்லை. எவ்வளவு சத்தம் போட்டாலும் கேட்க ஆளில்லை என்றுதான் இங்கே வந்தார்கள்.

கடுங்காப்பி கொண்டுவந்த காவல்காரி அய்யம்மாளிடம் உலர் அறையின் இரும்புக் கதவைச் சூர்யகலா காட்டினாள். "உள்ள யாரும் இருக்காங்களா?"

"உள்ள ஏது ஆளு தாயி? துருவேறிப் போன கதவு. கடப்பாரைக்கே தெறக்கல." அய்யம்மாள் முக்காட்டை இழுத்துக்கொண்டாள். "நான் ஜீப்பப் பிடிக்கணும், வர்றேன்."

மறுபடி வாசித்தார்கள். அவள் விரல்கள் கம்பிகளில் பறந்தன. டிரம்ஸின் அடி நெஞ்செலும்பில் இறங்கியது. தட்டலும் கூடவே வந்தது, இப்போது ஹெட்போன் இல்லாமலே, இரும்புக் கதவுக்குப் பின்னாலிருந்து, கொஞ்சம் கொஞ்சமாக வேகம் கூட்டி, பாண்டியின் அடியையும் தன்னோடு இழுத்துக்கொண்டு.

கரண்ட் போனது. கிட்டார் அடங்கியது.

டிரம்ஸ் அடங்கவில்லை.

"போதும் பாண்டி."

குச்சிகள் முறிந்தன. வெறுங்கையால் அடித்தான். சிம்பல் தகட்டின் விளிம்பு உள்ளங்கையைக் கிழித்தது. ரத்தம் அவள் முகத்தில் தெறித்தது.

"நிறுத்த முடியல கலா!" அழுதான். "கையப் பிடி. பிடிடீ!"

பிடித்தாள். அவன் முழங்கை அவள் வாயில் இடித்தது. பல் உடைந்து கீழே விழுந்தாள். எழுந்து பார்த்தபோது அவன் விரல்களில் எலும்பு தெரிந்தது. இப்படியே விட்டால் செத்துப்போவான். ஜெர்மனி வரை சுமந்துபோன கிட்டாரின் கழுத்தைப் பிடித்து ஓங்கினாள்.

வலது கை. முறிந்த சத்தம்.

"மன்னிச்சிரு பாண்டி."

இடது கை.

அமைதி. தகரக் கூரையில் பனி சொட்டியது. அவனை இறுக்கிக் கட்டிக்கொண்டாள். "முடிஞ்சிருச்சு. கீழ போயிரலாம்."

இரும்புக் கதவு ஒரு முறை அதிர்ந்தது.

பாண்டி அவளைத் தோளால் தள்ளினான். இரண்டு கைகளும் துவண்டு தொங்க, டிரம்ஸின் மேல் குனிந்தான். நெற்றியை அதன் இரும்பு விளிம்பில் மோதினான்.

மறுபடி.

மறுபடி.

ரத்தத்துக்குள்ளிருந்து அவன் கண்கள் அவளையே பார்த்துக் கெஞ்சின. தலை மட்டும் எழுந்து எழுந்து இறங்கியது, இன்னும் வேகமாக.