அக்கரையிலிருந்து ஏழு பேர்

இந்த ஆறு தன் சொல்லுக்குக் கட்டுப்பட்டது என்பது படகுக்காரரின் அசைக்க முடியாத நம்பிக்கை. முப்பது வருஷமாக ஆறும் அதை மறுத்து ஒரு வார்த்தை சொன்னதில்லை. ஆனால் மேலே பாலம் திறந்த நாளிலிருந்து, அவர் சொல்லைக் கேட்க ஆற்றைத் தவிர வேறு நாதியும் இல்லை.

மனைவி, மகள் வீட்டோடு போய்விட்டாள். அன்று காலை போனில் பிடித்துக்கொண்டாள்.

"இன்னும் அந்தப் படகைக் கட்டிக்கிட்டு அழறீங்களா? யாரு ஏறப் போறாங்க, மீனும் நண்டுமா?"

"இங்க கூட்டம் தாங்கல. அப்புறம் பேசறேன், வை."

வைத்தார். மணி அடித்தது.

அக்கரைப் படித்துறை மணி. நாலு வருஷமாக அடிக்காத மணி. ஆளுக்கு ஓர் அடி என்பது அந்தத் துறையின் வழக்கம். எண்ணினார். ஏழு. பனிமூட்டத்தில் அக்கரையே தெரியவில்லை. அதனாலென்ன, தலையை வாரி, நல்ல சட்டையை மாட்டிக்கொண்டு கிளம்பினார்.

துடுப்பு தண்ணீரைக் கிழிக்கும் சத்தமும், கட்டைகளின் முனகலும், அழுகின பாசியின் வாடையும் அந்த வெள்ளை மூட்டத்துக்குள் அவரை விட்டு விலகாமல் கூடவே வந்தன. மற்றபடி ஒரு பறவைகூடக் கத்தவில்லை.

படித்துறையில் யாரும் இல்லை. மணிக்கயிறு மட்டும் சொட்டச் சொட்ட நனைந்திருந்தது.

வெறும் படகோடு திரும்புவது கௌரவக் குறைச்சல். தவிர, மனுஷரிடம் நேரில் நாலு வார்த்தை பேசித்தான் எத்தனை நாளாகிறது! தொண்டையைச் செருமிக்கொண்டு, பழைய மிடுக்கோடு கூவினார்.

"ஏறுங்க, ஏறுங்க! முன்னாடி தள்ளி உக்காருங்கம்மா. ஒரே பக்கமா சாயாதீங்கய்யா!"

படகு லேசாக அமிழ்ந்தது.

அலையாக இருக்கும் என்று நினைத்தார். மறுபடி அமிழ்ந்தது. மறுபடியும். ஏழாவது தடவை அமிழ்ந்ததும், பழக்க தோஷம், கை தானாகக் கரையைத் தள்ளிவிட்டது.

நடு ஆறு. துடுப்பு கனத்தது. படகின் விளிம்புக்கும் தண்ணீருக்கும் இடையில் இரண்டு விரல்கூட இல்லை.

காலிப் பலகைகளில் ஈரம். ஆள் உட்கார்ந்த அளவில், ஏழு இடத்தில்.

"அசையாம உக்காருங்க," என்றார். பாதிதான் குரலாக வந்தது.

ஈரம் நகர்ந்தது. முன்பலகையிலிருந்து நடுப்பலகைக்கு. அங்கிருந்து அவர் பலகைக்கு. ஏழும். ஒரே பக்கமாக.

விளிம்பு சாய்ந்தது. சில்லென்று தண்ணீர் உள்ளே வந்து அவர் பாதத்தைத் தொட்டது.

படகுக்காரருக்கு நீச்சல் தெரியாது.