பொருத்தம் பார்த்த பெட்டி

நன்முல்லை பல் துலக்கினாள். காதுக்குப் பின்னாலிருந்த நினைவுச்சில்லைக் கழற்றி, வெந்நீரில் அலசி, மறுபடி மாட்டிக்கொண்டாள். மாட்டியதும் முதலில் நினைவுக்கு வந்தது அடுத்த மாதம் நடக்கவிருந்த கல்யாணம். மாப்பிள்ளை பரிதி, ஈர்ப்புப் பொறியாளன். செவ்வாய்க் கோளின் செந்தரைக் குடியிருப்பில் எல்லாருடைய கால்களும் தரையில் பாவுவது அவனுடைய துறையின் உபயம். இரண்டாவதாக நினைவுக்கு வந்தது தாத்தாப்பெட்டி. அதற்கு இன்றைக்குத் திறப்பு விழா.

பூமியில் கணினிகள் புதிதாய் வந்த காலத்தில் மதுரைப் பக்கம் எங்கோ ஓடிய இயந்திரம் அது. நான்கு பீரோக்களை ஒட்டவைத்தது போலிருக்கும். அதன் மொத்த நினைவும் இன்றைய சில்லில் ஒரு கொட்டாவியைப் பதிந்துவைக்கக்கூடப் போதாது. அட்டையில் ஓட்டை போட்டுத்தான் அதோடு பேச முடியும். அருங்காட்சியகத்தின் பழங்கணினிப் பிரிவைக் கவனித்துவந்த நன்முல்லை, வருடக்கணக்கில் அதோடு மல்லாடி உயிர் கொடுத்திருந்தாள்.

கூடவே வந்த துளையட்டைக் கட்டில் குரு, சனி, செவ்வாய் என்று கோள்களின் பாதைகள் இருந்தன. இரண்டு பேருடைய பிறந்த நாள், நேரம், ஊர் கேட்டது. கடைசியில் 'பொருத்தம்' என்று ஒரு கணக்கு. இரண்டு விண்கலங்களை இணைக்கும் நிரல்தான் இது, பிறந்த விவரம் விமானிகளுடையது என்று அவள் முடிவு கட்டினாள். குடியிருப்புத் தலைவர் பூவராகன் விழாவில் அதைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டார்.

"மாட்டுவண்டி ஓடிய காலத்திலேயே விண்கலம் இணைக்கக் கணக்குப் போட்டவர்கள் நம் முன்னோர்!"

கைதட்டல் அடங்க நேரமானது. மாதிரிக்கு நன்முல்லை தன் விவரத்தையும் பரிதியின் விவரத்தையும் ஓட்டை போட்டு நுழைத்தாள். பெட்டி உறுமியது. அச்சுப்பொறி தடதடத்துத் துப்பிய தாளைத் தலைவர் கணீரென்று வாசித்தார்.

"பெண்ணுக்குச் செவ்வாய் தோஷம். பொருத்தம் பத்துக்கு இரண்டு. விவாகம் உத்தமமல்ல."

கூட்டம் சிரித்தது. நன்முல்லையும் கண்ணில் நீர் வரச் சிரித்தாள். முன்வரிசையில் இருந்த பரிதியின் அம்மா சௌந்தரவல்லி மட்டும் சிரிக்கவில்லை.

மறுநாள் பரிதி முகத்தைத் தொங்கப் போட்டுக்கொண்டு வந்தான்.

"எனக்கு இதுலயெல்லாம் நம்பிக்கை இல்ல முல்லை. அம்மாதான் கல்யாணத்தைத் தள்ளிப்போடலாம்கிறாங்க."

"செவ்வாய் தோஷமாம்! நாம நிக்கிறதே செவ்வாய் மேலதானே?"

"அதையேதான் அம்மாவும் கேக்கறாங்க. அவ்வளவு தூரத்துல இருந்தே பூமியில குடும்பங்களைக் கெடுத்ததுன்னா, காலுக்கடியில இருந்தா சும்மா விடுமான்னு."

நன்முல்லைக்குப் பற்றிக்கொண்டு வந்தது. நேரே போய் நிரலைப் பிரித்துப் போட்டாள். குட்டு வெளிப்பட்டது. இடம் மிச்சப்படுத்த, வருடத்தில் கடைசி இரண்டு இலக்கங்களை மட்டுமே அந்தக் காலத்தார் வைத்திருந்தார்கள். இருபத்திரண்டாம் நூற்றாண்டுக்காரியான அவளுக்குப் பெட்டி இருபதாம் நூற்றாண்டு வானத்தைப் பார்த்துச் சொல்லியிருந்தது. செந்தரை என்ற ஊர் தெரியாததால் அவள் சோழவந்தானில் பிறந்ததாக வேறு வைத்துக்கொண்டிருந்தது.

மன்றத்தைக் கூட்டி இதையெல்லாம் விளக்கினாள். எல்லாரும் வெட்கப்பட்டுக் கலைவார்கள் என்றுதான் நினைத்தாள். சௌந்தரவல்லி எழுந்து, "அப்ப அதைச் சரி பண்ணிக் குடும்மா. ஊரே காத்துக்கிட்டு இருக்கு" என்றாள். தலைவர் முதற்கொண்டு அத்தனை பேரும் தலையாட்டினார்கள். அருங்காட்சியக வாசலில் அதற்குள் வரிசை வளைந்து திரும்பியிருந்தது.

உத்தரவு வந்துவிட்டது; சரி பண்ணினாள். செவ்வாயில் பிறந்தவர்களின் வானத்தில் செவ்வாய் தெரியாது. காலியான அந்த இடத்தில் எதை வைப்பது? காப்பியை உறிஞ்சியபடி யோசித்துப் பூமியை எடுத்து வைத்தாள். அன்று முதல் செந்தரையில் பூமி தோஷம் புழக்கத்துக்கு வந்தது. தோஷமுள்ளவர்கள் நீல உருண்டை ஒன்றுக்கு வாரா வாரம் நீரூற்ற வேண்டும் என்ற பரிகாரத்தை ஊரே கண்டுபிடித்துக்கொண்டது.

அவளுக்கும் பரிதிக்கும் இந்த முறை பத்துக்கு ஒன்பது. பரிதி இனிப்போடு ஓடி வந்தான்.

"நான்தான் அப்பவே சொன்னேனே, எனக்கு இதுலயெல்லாம் நம்பிக்கையே இல்லன்னு!"

"எனக்கும் நம்பிக்கை இல்ல பரிதி. பெட்டியைச் சொல்லல, உன்னைச் சொல்றேன்" என்றாள். இனிப்பை வாங்கிக்கொள்ளாமல் கதவைச் சாத்தினாள்.

ஒரு வருடம் போனது. குடியிருப்பின் காற்றுக்கூரையைப் பழுதுபார்க்கும் வித்தகன் என்பவன், பழகிய கொஞ்ச நாளிலேயே, "என்னைக் கட்டிக்கிறியா?" என்று நேராகக் கேட்டான். நல்லவன். அம்மாவைச் சாக்குச் சொல்லாதவன். மனசு அப்போதே சரி என்றுவிட்டது. வாய் மட்டும், "நாளைக்குச் சொல்றேன்" என்றது.

மறுநாள் அருங்காட்சியகத்துக்கு வார விடுமுறை. யாருமில்லாத கூடத்தைத் திறந்து நன்முல்லை உள்ளே போனாள். பெட்டி ஒழுங்காக ஓடுகிறதா பார்க்க வேண்டாமா என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். நிரலில் திருத்திய ஒவ்வொரு வரியும் அவள் எழுதியது. பூமியை அங்கே வைத்ததும் அவளேதான்.

வித்தகனின் அட்டையைத் தன் அட்டையோடு சேர்த்து நுழைத்தாள். பெட்டி உறுமத் தொடங்கியது. நன்முல்லை தன்னையறியாமல் செருப்பைக் கழற்றி ஓரமாக வைத்தாள்.