பதினாலு வருஷம் தூங்கிய ப்ரமோஷன்

அன்று காலை அந்தக் கூடத்தில் இருந்தவர்கள் ஐந்து பேர்.

கமலா. வக்கீல் தேவதர்ஷினி. இன்ஸ்பெக்டர் செந்தமிழ்ச்செல்வி. கமலாவின் தம்பி பகலவன். வீட்டுக்குப் பெரியவன் என்ற முறையில் நான்.

இல்லாதவன் ஒருவன். என் தம்பி செல்லமுத்து. கமலாவின் கணவன்.

பல் தேய்க்கக் கொல்லைப்பக்கம் போனவன்... காணவில்லை!

கமலாவின் செல்லுக்கு ஒரு குரல் மட்டும் வந்திருந்தது. வாயைத் துணியால் பொத்திக்கொண்டு பேசிய குரல்.

"உன் வூட்டுக்காரரு உயிரோட வேணுமா? ஐகோர்ட்டு கேஸை வுட்டுரு."

இன்ஸ்பெக்டர் கேட்டார். "கேஸ் நடந்தா யாருக்கு நஷ்டம்?"

"இவனுக்குத்தாங்க." தம்பியின் முகத்தைப் பார்க்காமலே கை நீட்டினாள் கமலா. "பதினாலு வருஷத்துக்கு முன்னாடி, துணை பி.டி.ஓ ப்ரமோஷன் எங்க வூட்டுக்காரருக்கு வரவேண்டியது. அவருக்கு ஜூனியர் இவன். தட்டிக்கினு போய்ட்டான்."

அன்றிலிருந்து பகலவனை அவள் வாசல்படி ஏற விட்டதில்லை. இன்று போலீஸ் ஜீப் ஏற்றிவிட்டது.

"சார், உங்க மாமாவை எங்க வச்சிருக்கீங்க?"

"எனக்குத் தெரியாதுங்க மேடம்."

இன்ஸ்பெக்டர் வக்கீல் பக்கம் திரும்பினார்.

"பதினாலு வருஷமா இன்னா பண்ணிக்கினு இருந்தாரு உங்க கட்சிக்காரரு?"

"நீதிபதியும் அதத்தான் மொதல்ல கேப்பாருங்க," என்றாள் தேவதர்ஷினி. "இவ்ளோ லேட்டா வந்தா, ப்ரமோஷன் வாங்குனவங்களை இனிமே கலைக்க முடியாதுன்னு தள்ளிடுவாங்க. ஏன் சும்மா இருந்தாருன்னு காரணம் சொல்லணும். சத்தியம் பண்ணி. அந்தப் பத்திரத்துல இன்னிக்குத்தான் கையெழுத்து."

"காரணம் இன்னா சொன்னாரு?"

"ஒவ்வொரு தடவ கேக்கும்போதும் டீ வாங்கிக் குடுத்தாரு."

செல் அலறியது.

அதே எண்! இன்ஸ்பெக்டர் ஸ்பீக்கரைத் தட்டினார்.

"கேஸை வுட்டியா இல்லியா?" குரல் கரகரத்தது. "மத்தியானம் வரைக்கும்தான் டைமு. அப்புறம் உன் தாலி..."

பகலவன் தலையைக் குனிந்துகொண்டான். தோள்கள் குலுங்கின. அழுகிறானா?

கமலா செல்லைப் பிடுங்கினாள். தினமும் கேட்கும் அதே குரலில் கேட்டாள்.

"சாப்டீங்களா?"

"இன்னும் இல்ல கமலா. இங்க இட்லி ஆறிப்போயி..."

குரல் அறுந்தது.



"எங்க இருக்கீங்க?"

"...தியாகதுருகம் பஸ் ஸ்டாண்டு."

ஜீப் போனது. ஜீப் வந்தது. கடத்தியவனும் கடத்தப்பட்டவனும் ஒரே சட்டையில் இறங்கினார்கள்.

செல்லமுத்து தரையைப் பார்த்துப் பேசினான்.

"யாரும் தட்டிக்கினு போவல. மலைமேல, வெள்ளிமலையில போஸ்டிங் போட்டாங்க. ப்ரமோஷனே வேணாம்னு நாந்தான் எழுதிக் குடுத்தேன். அடுத்த ஆளு மச்சான். அவருக்குப் போச்சு."

"ஏன் வேணாம்னீங்க?" கமலாவின் குரல் தாழ்ந்தது.

அவன் என்னைப் பார்த்தான். நான் கூரையைப் பார்த்தேன்.

"வளைவு வளைவா ரோடு... வயித்தப் பெரட்டுது. நீ புடிவாதமா கேஸ் போடச் சொன்ன. கோர்ட்டுல அத சத்தியம் பண்ணிச் சொல்லச் சொல்றாங்க."

அடக்கி வைத்திருந்த சிரிப்பு பகலவனுக்கு வெடித்தது.

"எடம் பாக்க ஒண்ணாத்தான்க்கா போனோம். என் மடியிலதான் வாந்தி எடுத்தாரு."

"ஒனக்குத் தெரியுமா? ஏன்டா இத்தினி வருஷமா சொல்லல?"

"மானம் போய்டும், யார்கிட்டயும் சொல்லாதன்னு மாமா கேட்டுக்கினாரு. நீ பேசாததுகூடப் பரவால்லன்னு இருந்துட்டேன்."

கமலா சமையலறைக்குப் போனாள். ஒரே ஒரு தட்டுடன் வந்தாள். அதைத் தம்பியின் முன் வைத்தாள். தண்ணீரும் வைத்தாள்.

"நீ சாப்டுடா."

"எனக்கு?" என்றான் செல்லமுத்து.

"கடத்திக்கினு போனவன்கிட்ட கேளுங்க."

இன்ஸ்பெக்டர் தொப்பியை எடுத்தார். "போலீஸை அலைய வுட்டதுக்கு இவரு மேல கேஸ் போடணும்."

"பதினாலு வருஷம் கழிச்சுப் போடுங்க மேடம்," என்றாள் தேவதர்ஷினி. "தள்ளுபடி ஆயிடும்."

செல்லமுத்து ஏழு வளைவு தாங்கி, எட்டாவது வளைவில்தான் வாந்தி எடுத்தான் என்று கள்ளக்குறிச்சியில் பேசிக்கொள்கிறார்கள்.

தவறு. எங்கள் குடும்பத்துக்குப் பொய்ப் பெருமை தேவையில்லை.

முதல் வளைவு.