ஒரு குரல் அதிகம்

பதினொரு பேர் உள்ளே போயிருந்தார்கள். பன்னிரண்டு பேர் வெளியே வந்திருந்தார்கள். எழுத்தர் தூக்கக் கலக்கத்தில் ஒரு கோடு அதிகமாகப் போட்டிருப்பார் என்று நினைத்து அவள் பக்கத்தைப் புரட்டினாள். அடுத்த கப்பலிலும் அப்படியே இருந்தது. அதற்கடுத்ததிலும்.

கப்பல் கட்டும் தளத்துக்கு நூறு வயதாகிறது, ஊர் வரலாற்றைப் புத்தகமாகப் போட்டுவிடலாம் என்று யாரோ ஒரு கூட்டத்தில் சொல்லப்போய், நூலகத்தில் வேலை பார்த்த பாவத்துக்கு அதை இவள் தலையில் கட்டினார்கள். தளத்திலிருந்து மூன்று வண்டிப் பதிவேடுகள் வந்து இறங்கி, பின்னறையைத் தரை தெரியாமல் அடைத்துக்கொண்டன. துருவும் எண்ணெயும் ஈரச் சாக்கும் கலந்த வாடை அவள் தலைமுடியில் ஏறி வீடு வரைக்கும் கூடவே வந்தது.

அதில் மூடல் பதிவேடுதான் அவளை உறுத்தியது. கப்பலின் அடிப்பகுதி இரண்டு தட்டுகளால் ஆனது. நடுவில், ஊர்ந்து மட்டுமே போகக்கூடிய இருட்டறைகள். உள்ளே வேலை முடிந்ததும் இரும்பு மூடி போட்டு முறுக்கி, தண்ணீர் நிரப்பிக் கசிவு பார்ப்பார்கள். மூடுவதற்கு முன் மேஸ்திரி மேல்தட்டில் நின்று ஒவ்வொரு பெயராகக் கூப்பிட வேண்டும். கப்பல் நெடுக உள்ள துளைகளில் ஏறி வந்தவர்கள், அவரவர் நின்ற இடத்திலிருந்தே ‘வெளியே’ என்று குரல் கொடுக்க வேண்டும். குரலுக்கு ஒரு கோடு.

எழுபத்து மூன்று கப்பல்கள், ஏழு பேரின் கையெழுத்து. எல்லாவற்றிலும் ஒரு குரல் அதிகம். முதல் கப்பலில் மட்டும் ஒன்பது பேர், ஒன்பது கோடு. ஆனால் அந்த ஒன்பது பேரில் துரு சுரண்டுகிற ஒருவனின் பெயர் மறுநாள் வருகைப் பதிவில் இல்லை. அதன் பிறகு எங்கேயுமே இல்லை.

இப்போது மூடல் மேஸ்திரி அவள் கணவன்தான். அவனுக்கு முன்னால் அவன் அப்பா.

“இந்த அதிகப்படிக் குரல் யாரோடது?” என்று சாப்பாட்டு மேசையில் கேட்டாள்.

“அந்தக் காலத்து ஆளுங்களுக்கு எண்ணத் தெரியாது.”

“போன மாசம் மூடினது நீங்கதானே? அதுலயும் இருக்கே.”

அவன் தட்டிலிருந்து தலையைத் தூக்கவில்லை. எதற்கெடுத்தாலும் கிண்டல் பண்ணுகிறவன், உப்புக் குறைந்தால்கூடக் கடல் பக்கத்தில்தானே இருக்கிறது, போய் அள்ளிக்கொண்டு வரட்டுமா என்று கேட்கிறவன், இப்போது சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தான். பக்கத்து அறையில் நிமிடத்துக்கு ஒரு தரம் இருமுகிற மாமனாரின் இருமல் நின்றிருந்தது. சுவருக்கு அந்தப் பக்கம் ஒரு மனிதர் மூச்சைப் பிடித்துக்கொண்டு கேட்பது அவளுக்குத் தெரிந்தது.

அன்றிலிருந்து வீடு மாறிப்போனது. வேலையிலிருந்து வந்ததும் கையை ஏன் அவ்வளவு நேரம் கழுவுகிறான்? அப்பாவும் மகனும் பேசிக்கொண்டிருப்பதை இவள் வந்ததும் ஏன் நிறுத்துகிறார்கள்? பட்டியலில் பெயர் எழுதாமல் உள்ளே அனுப்பி, அங்கே மாட்டிச் செத்தவர்களை மறைக்கத்தான் இல்லாத குரலுக்குக் கோடு போடுகிறார்கள் என்று அவள் முடிவுக்கு வந்தாள். கட்டியவன் மேலேயே சந்தேகப்படுவது அவளுக்கு அவமானமாக இருந்தது. ஆனாலும் ஒரு திங்கட்கிழமை பதிவேடுகளைத் தூக்கிக்கொண்டு தளத்தின் பாதுகாப்பு அதிகாரியிடம் போனாள். புது அதிகாரி, புதுச் சட்டை, புது உற்சாகம். அடுத்த மூடலில் நானே கூப்பிடுகிறேன், பட்டியலில் உள்ள பெயர் மட்டும்தான், பெயருக்கு ஒரு குரல், ஒரு கோடு கூடக்கூடாது என்று சொல்லிவிட்டார். மேஸ்திரி மற்றவர்களோடு உள்ளே போய் வேலை பார்க்கட்டும் என்றார்.

மூடல் நாளன்று காலையில் கணவன் வாசலில் குனிந்து ஷூ கயிற்றைக் கட்டினான்.

“நீதான் சொன்னியா?”

“ஆமா. நீங்க எதையோ மறைக்கிறீங்க.”

“மறைச்சேன்தான். கடைசிக் கேள்விய மட்டும் விட்டுடாதீங்கன்னு அந்த ஆளுகிட்ட கெஞ்சிட்டு வந்திருக்கேன். சிரிக்கிறாரு.” நிமிர்ந்தான். “அப்பாவைக் கேளு. நான் சொன்னா நீ நம்ப மாட்டே.”

வீம்புக்கு அவள் கேட்கவில்லை. நூலகத்தில் உட்கார்ந்து ஒரே பக்கத்தை நாலு முறை படித்தாள். மூன்றரை மணிக்கு வானம் இருட்டிக்கொண்டு தூற ஆரம்பித்தபோது பொறுக்க முடியாமல் வீட்டுக்கு வந்து மாமனாரின் கட்டிலருகே நின்றாள்.

“கடைசிக் கேள்வின்னா என்ன மாமா?”

“எல்லார் பேரையும் கூப்பிட்டு முடிச்சதும், ‘வேற யாரு?’ன்னு ஒரு தரம் கேக்கணும். பதில் வரும். கோடு போட்டுட்டு மூடிடணும்.”

“யாரு பதில் சொல்றது?”

“நான் திரும்பிப் பாத்ததில்லம்மா.”

“கேக்கலன்னா?”

அவர் போர்வையை மார்புவரை இழுத்துக்கொண்டார். “அதுக்குன்னு ஒரு அழைப்பு இல்லன்னா, அடுத்தவன் பேருக்கு அது முந்திக்கிட்டுப் பதில் சொல்லிடும். பதில் சொன்னது வெளிய வந்திடும். அவன் உள்ளயே.”

கிழவருக்குப் புத்தி பிசகிவிட்டது என்று நினைத்துக்கொண்டேதான் அவள் ஓடினாள். குடையை எடுக்கவில்லை. தளத்தின் வாசல், தண்டவாளம், ஈரமான இரும்புத் தகடுகளின் அடுக்கு, அதற்கு அப்பால் வானத்தையே மறைத்து நின்ற கப்பல். சாரப் படிகளில் ஏறும்போதே பம்பின் இரைச்சல் கேட்டது. மேல்தட்டில் அதிகாரி பட்டியலைத் தூக்கிக் காட்டினார்.

“பன்னிரண்டு பேர், பன்னிரண்டு குரல். கச்சிதம்! மூடி அரை மணி நேரமாச்சு. தொட்டி நிரம்பப்போகுது.”

“கடைசியா ‘வேற யாரு’ன்னு கேட்டீங்களா?”

“எதுக்கு? எல்லாரும்தான் வந்துட்டாங்களே.”

அவள் எண்ணினாள். கைப்பிடிக் கம்பியோரம் பெயின்ட் படிந்த முகங்கள். ஒன்பது, பத்து, பதினொன்று. பன்னிரண்டாவதாக, கொஞ்சம் தள்ளி, கடலைப் பார்த்தபடி அவன்.

அவளுக்கு அழுகை வந்தது. பேயாவது பிசாசாவது. ஓடிப்போய் அவன் கையைப் பிடித்துக்கொண்டாள். அவன் திரும்பினான். அதே முகம். தாடையில் அதே தழும்பு. சட்டையில் அறுந்துபோன அதே பொத்தான்.

“மன்னிச்சிடுங்க. பயந்தே போயிட்டேன். வீட்டுக்குப் போலாமா?”

“வெளியே,” என்றான்.

கிண்டல் பண்ணுகிறான் என்று சிரித்தாள். அவன் சிரிக்கவில்லை. அவன் மேல் வியர்வை வாடை இல்லை. மழை ஈரமும் இல்லை. பூட்டியே கிடந்த இரும்பின் வாடை. கையை உருவப் பார்த்தாள். முடியவில்லை.

காலடியில் ஏதோ இடித்தது.

மறுபடியும்.

தொட்டியில் தண்ணீர் ஏறும்போது உள்ளிருக்கும் காற்று வெளியேற ஒரு குழாய் உண்டு. அது அவளுக்கு இரண்டடி தள்ளி, முழங்கால் உயரத்தில், தட்டிலிருந்து வளைந்து நின்றது. அதற்குள்ளிருந்து ஒரு குரல்.

“யாராவது இருக்கீங்களா? மூடியத் தொறங்க. நான் உள்ள இருக்கேன்.”

அவள் கணவனின் குரல்.

“நிறுத்துங்க!” என்று அலறினாள். “பம்ப நிறுத்துங்க! அவர் உள்ள இருக்காரு!”

அதிகாரி காதுக்குப் பின்னால் கை வைத்துக் கேட்டார். பம்ப் இரைந்தது. “யாரு?”

“என் வீட்டுக்காரரு!”

அவர் சிரித்துவிட்டார். “உங்க கையப் பிடிச்சிட்டுத்தானே நிக்கிறாரு!”

கம்பியோரம் நின்றவர்களும் சிரித்தார்கள். கையை விடுவிக்க, குழாயை நோக்கி அவள் இழுத்தாள். பிடித்திருந்தவன் அசையவில்லை. குழாய் ஒரு விரல் தூரத்தில் எட்டாமல் நின்றது. இடிப்புச் சத்தம் வேகமானது. இப்போது மூடிக்கு நேர் அடியில். இரண்டு கையாலும்.

குழாயிலிருந்து மூச்சு வந்தது. அப்புறம் அவள் பெயர். அப்புறம் தண்ணீர்.

“நிரம்பிடுச்சு,” என்று அதிகாரி கைக்கடிகாரத்தைப் பார்த்து நேரத்தைக் குறித்துக்கொண்டார். பம்ப் நின்றது. மழை விழும் சத்தம் மட்டும். அவள் கையைப் பிடித்திருந்தவன் படிகளை நோக்கி நடக்க ஆரம்பித்தான்.